பெயர் வெட்டாத கல்

கயிறு திரிக்கும் கொட்டகைக்கு மேலே
எனக்கு இரண்டு அறைகள்.
ஒன்றில் நான். மற்றதை வாடகைக்கு விடுவேன்.
ரோட்ஸ் துறைமுகத்தில் குடிவருபவர்களுக்குப் பஞ்சமில்லை,
வாடகைக்குத்தான்.

திமாசர்கோஸ் வந்தது திராட்சை மிதிக்கும் மாதத்தில்,
எலிஸ் பக்கத்திலிருந்து.
ஒரு போர்வை, ஒரு கிண்ணம்.
எதையும் "இருக்கிறது" என்று சொல்லமாட்டார்.
"இருப்பதாகத் தோன்றுகிறது", அதோடு சரி.
பயற்றங்கஞ்சியில் உப்பில்லை என்பதற்கே
"எனக்கு, இப்போதைக்கு, இந்த நாக்குக்கு" என்று
மூன்று படி இறங்கி வருவார்.
"வாடகை கொடுத்துவிட்டதாகத் தோன்றுகிறது, நிகாசோ."
"எனக்குத் தோன்றவில்லை" என்பேன்.
சிரித்துவிட்டு எண்ணி வைப்பார்.
சுவரில் இழுத்த கரிக்கோட்டை அழிப்பேன்.
(அழித்த இடம் வெள்ளையா சாம்பலா என்று
அவரிடம் மட்டும் கேட்டுவிடக் கூடாது.)

குளிர் வந்தது. கடலை மூடிவிட்டார்கள்,
அதாவது இனி யாரும் பாய் விரிக்கமாட்டார்கள்.
என் மகன் லூசோன் போன கப்பல் திரும்பவில்லை.

கடைசிக் கப்பல்களில் இருவர் வந்திருந்தார்கள்.
க்னிடோஸ்காரன் ஒருவன்:
பாறையில் மோதிப் பிளந்ததை என் கண்ணால் பார்த்தேன்,
பாயில் நீல நூலில் ஒட்டுத் தையல் இருந்தது என்றான்.
அந்தத் தையல் நான் போட்டது.
சீதோனிலிருந்து வந்தவன்:
உன் மகன் என்னிடம் கடன் வாங்கி அத்திப்பழம் தின்றான்,
இடது கையால் தின்றான் என்றான்.
லூசோன் இடதுகைக்காரன்.

கண்ணால் காண்பதும் பொய், காதால் கேட்பதும் பொய்.
தீர விசாரிக்கலாம்தான்.
கடலை எந்த மன்றத்தில் நிறுத்துவது?

தெருப் பெண்கள் கத்தரியோடு வந்தார்கள்,
முடியை வெட்டு, அழுது தீர்த்துவிடு என்று.
அண்ணன் மது ஜாடியோடு வந்தான்,
இருக்கிறான், சீதோனில் இருக்கிறான், குடி என்று.
எல்லோரையும் உட்காரவைத்தேன்.
ஜாடி காலியானது.
கத்தரியை மறந்துவிட்டுப் போனார்கள்.

கல்தச்சனுக்கு முன்பணம் கொடுத்திருந்தேன்.
இழைத்த சுண்ணாம்புக்கல், முழங்கால் உயரம்.
எழுத்துக்கு இவ்வளவு என்று கூலி. ஐந்தெழுத்து.
உளியை முதல் எழுத்தில் வைத்துக்கொண்டு
"வெட்டட்டுமா?" என்றான்.
நாளை சொல்கிறேன் என்றேன்.

அன்றிரவு திமாசர்கோஸைக் கேட்டேன்:
உங்கள் ஆட்கள் இதற்கு என்ன சொல்வார்கள்?
வெகுநேரம் விளக்குத் திரியைப் பார்த்தார்.
"இரண்டு தட்டும் சமமாக நின்றால்
முள்ளைத் தொடமாட்டேன்."
தொடாவிட்டால்?
"சிலசமயம் மனம் அடங்குகிறது.
தூக்கம் மாதிரி. வா என்றால் வராது."
உங்களுக்கு வந்ததா?
"அம்மா செத்த அன்று வரவில்லை. கத்தினேன்."
பிறகு எழுந்துபோய்
அடிப்பிடித்த என் பானையைச் சாம்பல் போட்டுத் தேய்த்தார்.
அது பானைதானா என்ற ஐயம்
அன்று அவருக்கு எழவில்லை.

மறுநாள் கல்லைக் கழுதையில் ஏற்றிக் கொண்டுவந்தேன்,
பெயரில்லாமல்.
கிணற்றடியில் படுக்கவைத்தேன்.
மாலுமிகளின் துணிகளை அதில்தான் அடித்துத் துவைக்கிறேன்.
ஐந்தெழுத்து இருந்திருக்க வேண்டிய இடத்தில்
அழுக்குத் தண்ணீர் வழிந்து போகிறது.
பாவம் என்கிறார்கள். இருக்கலாம்.
நல்ல கல், வழுக்குவதில்லை.

கடல் திறந்த முதல் வாரமே திமாசர்கோஸ் போய்விட்டார்.
ஒரு மாதக் கரிக்கோடு இன்னும் சுவரில் இருக்கிறது.

நேற்று மாலை கணவாய் சுத்தம் செய்துகொண்டிருந்தேன்.
மைப்பையை உடையாமல் எடுப்பதே குறியாக,
படியில் காலடி கேட்கிறதா என்று
வெகுநேரமாகக் காது கொடுக்காமல் இருந்திருக்கிறேன்.
திடுக்கென்றது. திருடி மாதிரி இருந்தது.
அப்புறம் அதுவும் போனது.
கை மட்டும் கறுப்பாக இருந்தது.

இருட்டியபின் படி முனகியது போலிருந்தது.
காற்றாக இருக்கலாம், கீழே முறுக்கேறும் கயிறாக இருக்கலாம்.
நான் எழவில்லை.
இன்னொரு கணவாயை எண்ணெயில் போட்டு
மூடி வைத்துவிட்டுப் படுத்தேன்.

காலையில் தட்டு காலி.
பூனைதான் என்று தோன்றுகிறது.